கண்ணால் கண்டதை மட்டும் வரையும் படம்

மாயக் கருவிகள் மீது ஆசை கொள்ளாத சிறுவர் இவ்வுலகில் இரார். தேய்த்தால் பூதத்தை வரவழைக்கும் விளக்கும், ஏறி அமர்ந்தால் வானில் பறக்கும் கம்பளமும், அள்ள அள்ளக் குறையாத அமுதசுரபியும் எத்தனை தலைமுறைப் பிள்ளைகளின் உறக்கத்தைக் கெடுத்திருக்கும் என்று யாரால் கணக்கிட இயலும்? இவற்றுள் வழிகாட்டும் கருவிகளுக்கு என் மனத்தில் எப்போதும் தனி இடம் உண்டு. செல்வத்தைத் தரும் விளக்கைக் காட்டிலும், செல்லும் திசையைச் சொல்லும் ஒரு துண்டுத் தாள் எனக்குப் பெரிதாகத் தோன்றும். தோட்டப்புறத்தில் பிறந்து, எப்பக்கம் நோக்கினும் ஒரே மாதிரியான ரப்பர் மரங்களையே பார்த்து வளர்ந்தவனுக்கு அவ்வாறு தோன்றுவதில் வியப்பில்லை அன்றோ?

இத்தகைய கருவிகள் பலவற்றை இன்றைய மாணவர்கள் என்னினும் நன்கு அறிவர். ஹாரி பாட்டர் கதை வரிசையில் 1999ஆம் ஆண்டு வெளிவந்த மூன்றாம் நூலில் ஒரு மாயப்படம் வருகிறது. பள்ளிக் கோட்டைக்குள் யார் யார் எங்கெங்கே நடமாடுகின்றனர் என்பதை அவரவர் பெயருடன் சிறு புள்ளிகளாக அது காட்டிவிடும். 'பைரேட்ஸ் ஆப் தி கரீபியன்' திரைப்படங்களில் வரும் கடற்கொள்ளையனின் திசைகாட்டி வடக்கைக் காட்டாது. அதனைக் கையில் ஏந்தியவரின் நெஞ்சம் எதை மிகுதியாக விரும்புகிறதோ, அது இருக்கும் திசையைக் காட்டும். டோல்கின் 1937ஆம் ஆண்டு வெளியிட்ட 'தி ஹாபிட்' என்னும் கதையில் மலையின் படமொன்று உண்டு. அதில் நிலா எழுத்துகள் மறைந்திருக்கும். அவை எழுதப்பட்ட இரவில் நிலா எவ்வடிவில் இருந்ததோ, அதே பருவத்தில் அதே வடிவ நிலாவின் ஒளி பட்டாலன்றி அவ்வெழுத்துகள் கண்ணுக்குப் புலப்படா.

இவை யாவும் சுவையானவையே. எனினும் என் உள்ளத்தைக் கவர்ந்தது இவற்றுள் எதுவுமன்று. குறையொன்றை உடைய வேறொரு கருவி. அக்குறையின் பொருட்டே அது எனக்குப் பிடித்தது. அதைப் பற்றியும், அதனை நம் தோட்டப் பிள்ளைகள் தம் கையால் செய்து பார்த்த கதையைப் பற்றியும் இம்மலரில் எழுத விழைகிறேன்.

சி. எஸ். லூயிஸ் என்பார் அயர்லாந்தின் பெல்பாஸ்ட் நகரில் 1898ஆம் ஆண்டு பிறந்தவர்; இங்கிலாந்தின் ஆக்ஸ்போர்டில் நெடுங்காலம் இலக்கியம் கற்பித்தவர். அவர் 'நார்னியா' என்னும் கற்பனை நாட்டைப் படைத்து, அதனைப் பற்றிச் சிறுவர்க்காக ஏழு நூல்களை எழுதினார். அவற்றுள் ஒன்று 1952ஆம் ஆண்டு வெளிவந்த 'டான் டிரெடர்' கப்பலின் பயணக் கதையாகும். காஸ்பியன் என்னும் இளம் அரசன், காணாமற்போன ஏழு பிரபுக்களைத் தேடிக் கீழைக்கடலில் கப்பல் செலுத்துகிறான். கப்பலின் தலைவன் பெயர் டிரினியன். அவர்கள் தீவு தீவாகச் சென்று, கோரியாக்கின் என்னும் மாயவித்தைக்காரர் வாழும் தீவை அடைகின்றனர். அங்குள்ள மக்களுக்கு ஒரே ஒரு கால். அதுவும் படகு போலப் பெரிய பாதம்! அந்த வேடிக்கையை இங்கு விரித்தால் இக்கட்டுரை முடியாது.

அத்தீவை விட்டுப் புறப்படுமுன் மாயவித்தைக்காரர் எழுதப்படாத தோல் தாள்கள் இரண்டை மேசை மீது விரிக்கிறார். "உங்கள் பயணத்தைத் தொடக்கம் முதல் சொல்" என்று டிரினியனைக் கேட்கிறார். டிரினியன் வாய் திறந்து சொல்லச் சொல்ல, அவன் சொன்னவை யாவும் அத்தாள்களில் மெல்லிய கோடுகளாகத் தாமே எழுந்து நிற்கின்றன. கடல் தோன்றுகிறது; தீவுகள் தோன்றுகின்றன; அளவும் இடமும் இம்மியும் பிசகவில்லை. பூதக்கண்ணாடி ஒன்றைக் கொடுத்துப் பார்க்கச் சொல்கிறார். வெறும் குறிகள் என்று எண்ணியவை உண்மையான ஊர்களாகத் தெரிகின்றன. கோட்டையும் தெருவும் அடிமைச் சந்தையும், தொலைநோக்கியைத் திருப்பிப் பிடித்துப் பார்த்தாற்போல் எட்டாத் தொலைவில் தெளிவாகத் தெரிகின்றன. அந்த அடிமைச் சந்தையைக் காஸ்பியன் அதற்கு முன்பே ஒழித்துவிட்டான். ஆயினும் படத்தில் அது இருந்தது.

இத்துணைச் சிறப்புடைய அப்படத்தில் ஒரே ஒரு குறை. பெரும்பாலான தீவுகளின் கரைக்கோடு முழுமையடையாமல் ஆங்காங்கே அறுந்து நின்றது. ஏனெனில் டிரினியன் தன் கண்ணால் கண்டதை மட்டுமே அப்படம் காட்டும். கப்பல் தீவின் ஒரு புறமாகச் சென்றிருந்தால் மறுபுறம் வெறுமையாகவே இருக்கும். இரண்டு தாள்களுள் ஒன்றை மாயவித்தைக்காரர் தம்மிடமே வைத்துக்கொண்டு, மற்றொன்றை அரசனுக்கு அளித்தார். அது அவனுடைய கேர் பாரவெல் கோட்டையில், கருவிகள் வைக்கும் அறையில் தொங்குவதாகக் கதை கூறும்.

இந்நூலுக்குப் படங்கள் வரைந்த பாலின் பேன்ஸ் அம்மையாரைப் பற்றியும் ஒரு சொல். மழலைப் பருவத்தை இந்தியாவில் கழித்த அவர், இரண்டாம் உலகப் போரின்போது பிரிட்டிஷ் கடற்படையின் கடல்வரைபடப் பிரிவில் வரைகலைஞராகப் பணியாற்றினார். மெய்யான கப்பல்களுக்கு மெய்யான கடலை வரைந்த அதே கை, பின்னர் இல்லாத கடலை வரைந்தது.

கண்ணுக்குப் புலப்படாதவரையும் புலப்படச் செய்யும் வித்தை தெரிந்தவர் அந்த மாயவித்தைக்காரர். தீவின் மறுபுறத்தை வரைவதா அவருக்கு அரிது? நூலாசிரியர் வேண்டுமென்றேதான் அக்குறையை வைத்தார் என்பது என் துணிபு. மனிதனின் வாய்ச்சொல்லிலிருந்து பிறக்கும் படம், அம்மனிதனின் கண்ணைவிடப் பெரிதாக இருத்தல் கூடாது. பழைய ஐரோப்பியப் படங்களைப் பாருங்கள். 1539ஆம் ஆண்டு ஒலாவுஸ் மக்னுஸ் என்பார் வெளியிட்ட வடகடற் படத்தில் கப்பலை விழுங்கும் பாம்புகளும் கொம்பு முளைத்த மீன்களும் நிறைந்திருக்கின்றன. அழகிய படந்தான், மறுப்பதற்கில்லை. ஆனால் மாலுமிக்கு அந்தப் பாம்பினும் வெற்றிடமே மேலான துணை.

மெய்யான கடலோடிகளிடமும் இப்படத்தின் உறவினன் போன்ற ஒரு கருவி இருந்தது. அரபு நாட்டாரும் இந்தியக் கரையோரத்தாரும் இந்தியப் பெருங்கடலில் பயன்படுத்திய அக்கருவியைக் 'கமால்' என்பர். உள்ளங்கை அளவு மரப்பலகை ஒன்று. அதன் நடுவில் கோத்த ஒரு கயிறு. கயிற்றைப் பல்லால் கடித்துக்கொண்டு, பலகையின் கீழ்விளிம்பு அடிவானத்தையும் மேல்விளிம்பு துருவ மீனையும் தொடுமாறு பிடிக்க வேண்டும். கயிற்றில் முடிச்சுகள் இருக்கும். ஒவ்வொரு முடிச்சும் ஒரு துறைமுகம். இன்ன முடிச்சைக் கடித்தபோது பலகை பொருந்தினால், கப்பல் இன்ன துறைமுகத்திற்கு நேர்கோட்டில் உள்ளது என்று பொருள். அந்த முடிச்சை யார் இடுவது? அத்துறைக்கு ஒருமுறையேனும் சென்று, அங்கு நின்று, மீனைப் பார்த்தவன்தான். (நம் நாட்டில் துருவ மீன் அடிவானத்தை ஒட்டி மிகத் தாழ்வாக இருப்பதால் அதனைக் காண்பது அரிது. ஆதலின் பிள்ளைகள் இதனைச் செய்து பார்க்க முயன்று மனம் சலிக்க வேண்டா!)

இனித் தோட்டத்துக் கதைக்கு வருகிறேன்.

1988ஆம் ஆண்டு நான் கோல சிலாங்கூர் வட்டாரத்தில் ஒரு தோட்டப் பள்ளியில் ஐந்தாம் ஆண்டு மாணவர்களுக்குப் பாடம் கற்பித்து வந்தேன். ஒரு வகுப்பில் பத்தொன்பது பிள்ளைகள். தோட்டத்தில் பாதி ரப்பர், பாதி செம்பனை. உள்ளூராய்வுப் பாடத்திற்காகத் தோட்டத்தின் படம் தேவைப்பட்டது. அலுவலகச் சுவரில் ஒரு படம் தொங்கியது; கிராணியார் அன்புடன் உள்ளே அழைத்துக் காட்டினார். அதில் காடுகளின் எண்களும், மரம் நட்ட ஆண்டும், மண்சாலைகளும், வடிகால்களும் துல்லியமாக இருந்தன. நாங்கள் குடியிருந்த லயங்கள் இருந்த இடத்தில் நான்கு சிறு கட்டங்கள். கோயில் இல்லை. ஆயாக் கொட்டகை இல்லை. பள்ளிக்கூடத்தைக் கூடத் தேடித்தான் கண்டுபிடித்தேன். அப்படத்தின் மீது எனக்குச் சினம் ஏதும் எழவில்லை. மரங்களின் பொருட்டு வரைந்த படத்தில் மரங்கள்தாமே இருக்கும்?

அன்று பிற்பகல் பிள்ளைகளுக்கு டிரினியன் கதையைச் சொன்னேன். சொல்லி முடித்தவுடன் மாஜோங் தாள்கள் இரண்டைத் தரையில் விரித்தேன். "நான்தான் மாயவித்தைக்காரன். நீங்கள் டிரினியன். சொல்லுங்கள், வரைகிறேன்" என்றேன். ஒரே ஒரு விதி: தன் கண்ணால் கண்டதை மட்டுமே சொல்ல வேண்டும்.

பிள்ளைகள் திசையின் பெயரைச் சொல்லவே இல்லை. காந்த ஊசி ஒன்றைக் கொண்டு சென்றிருந்தேன். அது பாவம், மேசை மீது தனியே நடுங்கிக்கொண்டு கிடந்தது. அவர்களுக்கு நான்கு திசைகள் வேறு: மேட்டுப் பக்கம், பள்ளத்துப் பக்கம், கோயில் பக்கம், கட்டை ரோட்டுப் பக்கம். முனீஸ்வரர் மரம், கிணறு, மாட்டுக் கொட்டகை, பால் ஸ்டோர், வெள்ளிக்கிழமை ரொட்டிக்காரர் சைக்கிளை நிறுத்தும் இடம், நாய் துரத்தும் இடம் என்று படம் விரைவாக நிறைந்தது. அதன் பின்னர்தான் சிக்கல் பிறந்தது. லயத்தையும் பள்ளியையும் தாண்டியதும் படம் வெறுமையாக நின்றது. தாய் தந்தையர் விடியுமுன் புறப்பட்டுச் செல்லும் பால்காட்டைப் பிள்ளைகளில் பலர் உள்ளே சென்று பார்த்ததில்லை. அவர்கள் வாழ்வைத் தாங்கி நின்ற காடே அவர்களுக்குத் தீவின் மறுபுறமாக இருந்தது.

அச்சமயம் ஒரு மாணவன் எழுந்து, "சார், பன்னிரண்டாம் காட்டுல புலி இருக்கு. புலி போடுங்க" என்றான்.

"நீ பார்த்தாயா?" என்று வகுப்பே கேட்டது.

"அப்பா பார்த்தாரு."

"அப்படின்னா அப்பா வந்து சொல்லணும்" என்று முன் வரிசை மாணவி ஒருத்தி தீர்ப்புக் கூறிவிட்டாள். விதி விதிதான் என்றேன்.

மறுநாள் அந்த அப்பா உண்மையாகவே வந்தார். வேலை முடிந்து, குளித்து, வெள்ளைச் சட்டை அணிந்து, வகுப்பறை வாயிலில் தயங்கி நின்றார். பரிசளிப்பு விழாவிற்கும் தேர்ச்சி அட்டையில் கையொப்பமிடவும் மட்டுமே பள்ளிக்குள் நுழைந்து பழகியவர். பிள்ளைகள் அவரைத் தரையில் அமரச் செய்து, தாளைக் காட்டி, நீதிமன்றத்தில் கேட்பது போலக் கேட்டனர். அவர் தலையைச் சொறிந்துகொண்டு, "புலியப் பார்க்கலடா... கால் தடத்தத்தான் பார்த்தேன்" என்றார். ஆகவே புலி வரையப்படவில்லை. நான்கு கால் தடங்கள் வரையப்பட்டன. அவர் மகனுக்குச் சற்று வருத்தந்தான். ஆயினும் தோட்டத்தில் வேறெந்தப் படத்திலும் இல்லாத தடங்கள் அல்லவா அவை!

அதன் பின் ஏறத்தாழ மூன்று வாரங்கள், மாலை வேளைகளில், பெற்றோர் ஒருவர் இருவராக வரத் தொடங்கினர். தாய்மார்கள் சொன்ன வழிகளை எழுதியபோதுதான் பால்காட்டின் படம் எப்படி இருக்க வேண்டும் என்பதை நானே கற்றுக்கொண்டேன். பால் நன்கு வடிவது குளிர்ந்த வேளையில்தான். வெயில் ஏறினால் வடிவது குறையும். ஆதலால் இருள் பிரியுமுன் நெற்றியில் விளக்கைக் கட்டிக்கொண்டு மரம் வெட்டத் தொடங்க வேண்டும். விளக்கொளி ஒரு மரத்தையே காட்டும். அடுத்த மரத்தைக் கால்தான் அறியும். ஆகவே அவர்கள் தொலைவை மரக்கணக்கில் சொன்னார்கள். "எங்க நிரையில நாப்பதாவது மரத்துக்கிட்ட பள்ளம். அங்க வழுக்கும்." "பாறைக்கு அந்தப் பக்கம் ஆறு மரம் தள்ளி, மழை வந்தா ஒதுங்கலாம்." "வளைஞ்ச மரத்துக்கிட்ட போனா கோயில் மணி கேக்கும். அப்ப பாதி வேலை முடிஞ்சிதுன்னு அர்த்தம்." கோயில் மணி கேட்கும் இடத்தைப் படத்தில் எப்படிக் குறிப்பது? ஒரு சிறு காதை வரைந்தான் ஒரு மாணவன். அதைவிடப் பொருத்தமான குறியீட்டை நில அளவைத் துறையினரும் கண்டுபிடிக்க இயலாது.

பூதக்கண்ணாடியைப் பற்றிச் சொல்ல மறக்கலாகாது. அறிவியல் பெட்டியில் இருந்த கண்ணாடியைப் பிள்ளைகள் படத்தின் மேல் வைத்துப் பார்த்தனர். பென்சில் கோடு பெரிய பென்சில் கோடாகத் தெரிந்தது, வேறொன்றும் இல்லை. ஏமாற்றம் அவர்கள் முகத்தில் நன்கு தெரிந்தது. அடுத்த நாள் மாணவியர் இருவர் பென்சிலை ஊசி போலச் சீவிக்கொண்டு வந்தனர். லயத்து வீடுகளைக் குறித்த கட்டங்களுக்குள், வெறுங்கண்ணுக்குப் புள்ளி போல் தோன்றும் அளவில், அடுப்பையும் தொட்டிலையும் கோழிக் கூட்டையும் வரையத் தொடங்கினர். பூதக்கண்ணாடியை வைத்தால் வீடு தெரிந்தது. மாயவித்தையை இவ்வாறும் செய்யலாம் போலும்.

அந்தப் படத்தில் ஒரு கோடு உண்டு. அதற்காகவே இத்தனையும் எழுதினேன் என்று சொன்னாலும் பொருந்தும்.

வகுப்பில் தீர்ப்புக் கூறினாள் என்றேனே, அம்மாணவியின் பாட்டி ஒரு நாள் வந்தார். அறுபது வயதைக் கடந்தவர். "எனக்கு என்னய்யா தெரியும், நான் படிச்சவளா?" என்று முதலில் மறுத்தார். பேத்தி கையைப் பிடித்து இழுத்து அமர வைத்தாள். சிறிது நேரம் படத்தையே பார்த்திருந்துவிட்டு, பழைய லயம் இருந்த இடத்தைச் சொன்னார். அது இடிக்கப்பட்டுச் செம்பனை நட்டு ஆண்டுகள் பல ஆகியிருந்தன. அங்கே பத்துக் கதவு லயம் இரண்டு; நடுவில் குழாயடி; குழாயடியை ஒட்டி ஒரு நெல்லி மரம். பேத்தி வரைந்துகொண்டே வந்தாள். குழாயடியிலிருந்து சாலைக்குப் போகும் வழியைச் சொன்ன பாட்டி, சாலையின் வளைவுக்கு வந்ததும் நிறுத்திக்கொண்டார்.

"அப்புறம் பாட்டி?" என்றாள் பேத்தி.

ஜப்பானியர் ஆட்சியின்போது, 1943ஆம் ஆண்டு, அவருடைய கணவரைச் சயாமுக்கு அழைத்துச் சென்றனர். தாய்லாந்தின் பான் போங்கிலிருந்து பர்மாவின் தான்பியுசயாட் வரை, 415 கிலோமீட்டர் தொலைவுக்கு, காட்டையும் மலையையும் வெட்டி ஜப்பானியர் அமைத்த இரயில் பாதைக்காக நம் தோட்டங்களிலிருந்து தமிழர் ஆயிரக்கணக்கில் கொண்டு செல்லப்பட்டதை மூத்தோர் அறிவர். 1943 அக்டோபரில் அப்பாதை இணைந்தது. நோயாலும் பசியாலும் மாண்டோர் பலர், திரும்பியோர் சிலர். அவர் திரும்பவில்லை.

"சயாம் வரைக்கும் வரையட்டுமா பாட்டி? வேற தாள் ஒட்டலாம்" என்று பேத்தி கேட்டாள். பிள்ளை மனம், தாத்தாவுக்கு ஒரு வழி போட்டுக் கொடுக்க ஆசை.

"வேணாம்மா. நான் பார்க்கலியே" என்றார் பாட்டி. "லாரி அந்த மூலையில திரும்புச்சு. அது வரைக்குந்தான் பார்த்தேன்."

பேத்தி அந்த மூலை வரை கோட்டைக் கொண்டு சென்று, பென்சிலை எடுத்துவிட்டாள். வகுப்பில் யாரும் பேசவில்லை. பாட்டி பூதக்கண்ணாடியை வாங்கி, அந்த மூலையின் மேல் வைத்து, நெடுநேரம் பார்த்தார். அங்கு வரைந்திருந்தது ஒன்றுமில்லை.

பக்கத்துத் தோட்டத்தில் சயாமிலிருந்து உயிருடன் மீண்ட பெரியவர் ஒருவர் அப்போது இருந்தார். அவரை அழைத்துக் கேட்டால் கோட்டைத் தொடரலாமே என்று பிள்ளைகள் எண்ணினர். நான் சென்று பார்த்தேன். மரியாதையுடன் அமரச் செய்து தேநீர் கொடுத்தார். வந்த காரியத்தைச் சொன்னதும், "பார்த்தேன், சார். ஆனா சொல்ல மாட்டேன்" என்றார். அவ்வளவுதான். அதன் பின் மழையைப் பற்றியும் பால் விலையைப் பற்றியும் பேசிக்கொண்டிருந்தோம். நூலாசிரியர் லூயிஸ் இதனைத் தம் கதையில் எழுதவில்லை. மாயத்தாள் கோடு வரைய, கண் கண்டிருந்தால் மட்டும் போதாது; வாயும் திறக்க வேண்டும். டிரினியன் சொன்னான், படம் பிறந்தது. அவன் சொல்ல மறுத்திருந்தால், எத்தனை பெரிய வித்தைக்காரராலும் அத்தாளை நிரப்பியிருக்க முடியாது. பெரியவரின் மறுப்பைப் பிள்ளைகளிடம் சொன்னபோது அவர்கள் அதனை ஏற்றுக்கொண்டனர். புலிக்கு அவ்வளவு வழக்காடியவர்கள் இதற்கு ஒரு வார்த்தையும் பேசவில்லை.

படத்தைக் கதையில் வந்தவாறே இரண்டு படிகளாக எழுதி முடித்தோம். ஒன்றைப் பள்ளியில் மாட்டினோம்; மற்றொன்றைக் கோயில் மண்டபத்திற்குக் கொடுத்தோம். திருவிழாவின்போது அதன் முன் கூட்டம் கூடியது. தத்தம் நிரையைத் தேடிக் கண்டுபிடித்துப் பிறருக்குக் காட்டினர். தவறுகளும் சுட்டிக்காட்டப்பட்டன, நெல்லி மரம் குழாயடிக்கு இடப்புறமா, வலப்புறமா என்ற வாதம் திருவிழா முடிந்த பின்னும் ஓயவில்லை.

1996ஆம் ஆண்டு அத்தோட்டம் கைமாறியது. லயங்கள் இடிக்கப்பட்டன, மக்கள் நகரத்து அடுக்குமாடி வீடுகளுக்கும் பக்கத்துத் தாமான்களுக்கும் பிரிந்து சென்றனர். பள்ளி வேறிடம் மாறியபோது பள்ளியிலிருந்த படியைக் கறையான் அரித்திருந்ததால் எடுத்துச் செல்ல இயலவில்லை. கோயிலில் இருந்த படி தப்பியது. கோயிலும் இடம் பெயர்ந்தபோது, தீர்ப்புக் கூறிய அந்த மாணவி அதனைக் கேட்டு வாங்கிக்கொண்டார். இன்று கண்ணாடிச் சட்டமிட்டு அவர் வீட்டுக் கூடத்தில் அது தொங்குகிறது.

அவ்விடம் இப்போது வீடமைப்புப் பகுதி. கைப்பேசியைத் திறந்தால், ஏறத்தாழ 20,200 கிலோமீட்டர் உயரத்தில் சுற்றும் செயற்கைக்கோள்களில் குறைந்தது நான்கின் குறிப்புகளைப் பெற்று, நாம் நிற்கும் இடத்தை நீலப் புள்ளியாக அது காட்டிவிடுகிறது. நானும் அங்கு நின்று பார்த்திருக்கிறேன். லூயிஸின் மாயவித்தைக்காரர் கண்டிருந்தால் மலைத்திருப்பார். சாலைகள் யாவும் உள்ளன. மலர்களின் பெயரைத் தாங்கி நிற்கின்றன. நான் நின்ற இடம் வளைந்த மரமா, வழுக்கும் பள்ளமா என்று மட்டும் அந்த நீலப் புள்ளியைக் கேட்டுப் பயனில்லை. அதனைக் குறை கூறுவதற்கில்லை. அதனிடம் யாரும் சொல்லவில்லை.

2014ஆம் ஆண்டு அந்த மாணவி, தம் குடும்பத்தாருடன் தாய்லாந்தின் காஞ்சனபுரிக்குச் சென்று வந்ததாகத் தொலைபேசியில் கூறினார். பாட்டி அதற்குள் காலமாகிவிட்டார். அங்குள்ள பாலத்தையும் இரயிலையும் பார்த்திருக்கிறார். நகரின் பெரிய போர்க் கல்லறைத் தோட்டத்தில் ஏறத்தாழ 7,000 போர்க்கைதிகள் அடக்கம் செய்யப்பட்டிருக்கின்றனர். புல்லைச் சீராக வெட்டி, கல் தோறும் பெயர் பொறித்திருக்கிறார்கள். அவர் நெடுநேரம் வரிசை வரிசையாக நடந்து அப்பெயர்களைப் படித்தாராம். அவை பிரிட்டிஷ், ஆஸ்திரேலிய, டச்சு வீரர்களின் பெயர்கள். தோட்டத்துத் தமிழர் பெயரைத் தாங்கிய கல்லை அவர் அங்குக் காணவில்லை.

"சார், வீட்டுக்கு வந்ததும் சட்டத்தைக் கழற்றி, பென்சிலைக் கூட எடுத்துட்டேன்" என்றார்.

"வரைந்தாயா, அம்மா?" என்று கேட்டேன்.

"இல்ல சார். நான் பார்த்தது பாலத்தை. தாத்தா போன வழியை இல்ல." சற்றுப் பொறுத்து, "என் பையன்தான் ஒன்னு கேட்டான். நெல்லி மரம் எந்தப் பக்கம்னு. அதுக்கு என்ன சார் சொல்றது?" என்றார்.

இடப்புறம் என்றுதான் எனக்கு நினைவு. ஆனால் நான் அந்த மரத்தைப் பார்த்ததில்லை.